தடை கேட்பவர் எல்லாம் ஏய்ப்பவர் அல்லர்

வங்கி ஏலத்தை எதிர்த்து வழக்குப் போடுகிறவர்கள் கடனை இழுத்தடிக்கவே போடுகிறார்கள் என்பது அநியாயமான பேச்சு. 2002 சர்ஃபேசி சட்டப்படி வங்கி வழக்கே தொடராமல் அடமானச் சொத்தை விற்கலாம். கேரளத்தின் பாறசாலையிலோ நெய்யாற்றின்கரையிலோ வீட்டை இழப்பவர் உள்ளூர் முன்சீப் கோர்ட்டுக்குப் போக முடியாது; அச்சட்டத்தின் 34ஆம் பிரிவு அந்தக் கதவை அடைத்துவிட்டது. வங்கி நடவடிக்கை எடுத்த 45 நாளுக்குள், 200 கிலோமீட்டருக்கு அப்பால், எறணாகுளத்துக் கடன் மீட்புத் தீர்ப்பாயத்தை அணுக வேண்டும். அங்கே தோற்றால் சென்னையில் மேல்முறையீடு. அதற்குக் கடனில் பாதியைக் கட்ட வேண்டும், குறைத்தாலும் கால் பங்கு. பணம் இல்லாததால்தானே வீடே போகிறது!

விற்பனைக்கு முன் 30 நாள் அறிவிப்பு கட்டாயம் என்று உச்ச நீதிமன்றம் 2014இல் மாத்யூ வர்கீஸ் வழக்கில் சொன்னது. யாரோ வழக்குப் போட்டதால் கிடைத்த பாதுகாப்பு அது. ஏல அறிவிப்பு வெளியானதுமே கடனைக் கட்டிச் சொத்தை மீட்கும் உரிமை முடிகிறது என்று 2023இல் செலிர் வழக்கில் தீர்ப்பு வந்தபின், அந்த அறிவிப்பு முறையாக வந்ததா என்று கேட்பது கடனாளிக்கு முன்னைவிட அவசியமாகிவிட்டது.