பீரும் எல்லையும்

கவரைப்பேட்டையில் ரயிலேறி வடக்கே சற்றுத் தூரம் சென்றால் ஆந்திர எல்லை வந்துவிடும். எல்லையின் இருபுறமும் சோப்புக்கு ஒரே வரி. பீருக்கோ வெவ்வேறு வரி, வெவ்வேறு விலை. அந்நிய தேசத்துப் பீர் துறைமுகத்தில் சுங்கம் செலுத்துவது இயல்பே. அண்டை ராஜ்யத்துப் பீரும் அநுமதி பெற்று, தீர்வை கட்டியே நுழைய வேண்டியிருப்பது விந்தையன்றோ?

காரணத்தைச் சரித்திரம் சொல்கிறது. 1937-இல் ராஜாஜி சேலம் ஜில்லாவில் மதுவிலக்கைத் தொடங்கினார். இழந்த வருமானத்துக்கு ஈடாக 1939-இல் விற்பனை வரி கொணர்ந்தார். அதன் வழிவந்த வரியின் பெரும்பகுதி 2017-இல் ஜி.எஸ்.டி.யில் கலந்தது. மது அதில் சேரவில்லை. அவ்வரி ராஜ்ய ஸர்க்கார் கையிலேயே நின்றது. மதுவை விலக்கப் பிறந்த வரி கைநழுவிற்று. மது வரி நிலைத்தது! தொழிற்சாலைக் கூலி வீடு சேருமுன் கஜானா சேர்ந்தால், அதை வருமானமென்று நாம் எவ்வாறு எண்ணுவது?