கல்லுக்குப் பால், கட்-அவுட்டுக்குப் பால்

தோழர் ரஜினிகாந்த் அவர்களின் ரசிகர்களைப் பற்றி ரிங்கு கல்சி என்னும் அம்மையார் எடுத்த "ஃபார் தி லவ் ஆஃப் எ மேன்" என்ற ஆவணப்படம் 2015-ம் வருஷம் வெனிஸ் நகரத்துப் படவிழாவில் காட்டப்பட்டது. "ஒரு மனிதன் மேல் வைத்த அன்புக்காக" என்பது அதன் பொருள். நடிகர் மேலுள்ள பக்தியினால் காசையும் காலத்தையும் வாரி இறைத்தவர்கள் அதில் தங்கள் வாயாலேயே பேசுகிறார்கள். அம்மையார் அவர்களைக் கேலி செய்யவில்லை என்பதே அப்படத்தின் யோக்கியதையாகும்.

நிற்க, கேலி செய்கிறவர்களைப் பற்றி இரண்டொரு வார்த்தை சொல்ல விரும்புகிறோம். கட்-அவுட்டின் தலையில் பால் ஊற்றுகிறவனைப் பார்த்து "முட்டாள்" என்று சிரிக்கும் பெரிய மனிதர், அன்று காலையில் எங்கே போய்விட்டு வந்தார்? கோயிலில் கல்லின் தலையில் குடங்குடமாய்ப் பால் கொட்டுவதைக் கண்டு கன்னத்தில் போட்டுக்கொண்டு வந்தவர்தானே? கல்லில் ஊற்றினால் பக்தி, பலகையில் ஊற்றினால் பைத்தியமா? அபிஷேகத்தையும் சூடம் கொளுத்துவதையும் ரசிகன் புதிதாகக் கண்டுபிடித்தானா? கோயிலில் கற்றதைக் கொட்டகையில் செய்கிறான், அவ்வளவுதான். ஆகவே அவனைப் பார்த்துச் சிரிக்க இந்தப் பெரிய மனிதருக்கு யாதொரு பாத்தியமும் இல்லை.

ஆனால் ரசிகத் தோழர்களே! உங்களையும் கேட்கிறோம். பட வெளியீட்டு நாட்களில் பால் பாக்கெட்டுகள் திருட்டுப் போகின்றன என்று 2019-ல் பால் முகவர்கள் போலீசாரிடம் முறையிட நேர்ந்ததே, இது யாருக்குப் பெருமை? 2023 ஜனவரியில் சென்னையில் ஒரு படம் வெளியான அன்று, லாரியின் மேலேறி ஆடிய 19 வயது வாலிபர் கீழே விழுந்து மாண்டாரே, அவ்வுயிரை எந்த நடிகர் திருப்பித் தருவார்? 2017 டிசம்பர் 31-ல் அரசியலுக்கு வருவதாகச் சொன்ன தோழர் ரஜினிகாந்த், உடல்நிலையைக் காரணம் காட்டி 2020 டிசம்பரில் வரவில்லை என்று சொல்லிவிட்டார். அது அவர் இஷ்டம், அதைக் குறை கூற நாம் வரவில்லை. ஆனால் அந்த மூன்று வருஷ காலம் அவர் வாயையே பார்த்துக் காத்திருந்தவர்களின் வாழ்நாள் யாருடைய சொத்து?

ஒரு வாலிபன் மன்றத்துக்கு ஏன் போகிறான் என்பதை நாம் அறியாமலில்லை. தெருவில் சாதியைச் சொல்லி "டேய்" என்று அழைக்கப்படுகிறவன், மன்றத்தில் "செயலாளர்" என்று அழைக்கப்படுகிறான். இந்த மரியாதைக்கு ஏங்குவது குற்றமல்ல. அது மனிதனுக்குரிய பசியேயாகும். ஆனால் அந்த மரியாதையை இன்னொருவன் பெயரில் ஏன் இரவல் வாங்க வேண்டும்? அவன் கொடுக்கும் இரத்தம் அவன் உடம்பில் ஊறியது. அவன் செய்யும் தொண்டு அவன் கையால் ஆனது. அப்படியிருக்க, நோட்டீசில் மட்டும் நடிகர் முகம் எதற்கு?

படம் பார்ப்பதை நாம் வேண்டாமென்று சொல்லவில்லை. நன்றாயிருந்தால் கை தட்டுங்கள், நன்றாயில்லாவிட்டால் எழுந்து வாருங்கள். தட்டுகிற கை கும்பிடுகிற கையாக மாறும் இடத்தில்தான் சுயமரியாதை செத்துப்போகிறது என்பதே நமது அபிப்பிராயம்.