மந்திரக் குறிகள் தீமை பயக்குமா?

அட்டையில் ‘மந்திரம்’ என்ற சொல்லைக் கண்டாலே அந்நூலை நம் கையிலிருந்து வாங்கி அலமாரியின் மேல்தட்டில் வைத்துவிடும் பெற்றோர் பலர் உண்டு. அவர்களுடைய அச்சத்தை நாங்கள் எள்ளி நகையாட வரவில்லை. குறி கேட்பதும், சூனியம் வைப்பதும், மாந்திரீகத்தை நாடுவதும் தவறு என்று திருச்சபை தெளிவாகவே போதிக்கின்றது. 1992-ஆம் ஆண்டு வெளிவந்த மறைக்கல்வி நூலும் அதனையே வலியுறுத்துகின்றது. ஆயினும், கற்பனை உலகில் வரும் மந்திரக் குறிகள் யாவும் இவ்வகையைச் சேர்ந்தவைதாமா? அல்ல என்பதே எங்கள் எண்ணம். இதற்குச் சான்றாக ஓர் ஆசிரியரை எடுத்துக்கொள்கிறோம்.

‘மோதிரங்களின் தலைவன்’ என்ற பொருள்படும் பெயர் கொண்ட பெருங்கதையை எழுதிய ஜே. ஆர். ஆர். டோல்கீன், 1892-இல் தென்னாப்பிரிக்காவில் பிறந்தவர். தந்தை இறந்தபின், அவருடைய தாயார் மேபல் 1900-இல் கத்தோலிக்கத் திருச்சபையில் சேர்ந்தார். அதனால் உறவினர் சிலரின் பொருளுதவியை இழந்தார். 1904-இல் அத்தாயும் மறைந்தபோது, பர்மிங்காமைச் சேர்ந்த அருட்தந்தை பிரான்சிஸ் மார்கன் இரு சிறுவருக்கும் காப்பாளராக இருந்து வளர்த்தார். பின்னாளில் ஆக்ஸ்போர்டில் பேராசிரியரான டோல்கீன், 1954, 1955 ஆண்டுகளில் தம் பெருங்கதையை மூன்று பாகங்களாக வெளியிட்டார். அஃது அடிப்படையில் சமய நூல், கத்தோலிக்க நூல் என்று இயேசு சபைக் குரு ஒருவருக்கு 1953-லேயே கடிதம் எழுதியிருக்கிறார். கதையிலோ கோவிலும் இல்லை, குருவும் இல்லை! அப்படியானால் சமயம் எங்கே இருக்கிறது? அவர் படைத்த குறிகளை உற்று நோக்கினால் அதற்கு ஓரளவு விடை கிடைக்கும்.

மோரியா என்னும் மலைக்குகையின் மேற்கு வாயிலில் ஒரு கதவு உண்டு. பகலில் பார்த்தால் வெறும் பாறைதான். நிலவொளியோ விண்மீன் ஒளியோ பட்டால் மட்டுமே அதன்மீது எழுதப்பட்ட கோடுகள் வெள்ளியாய் மின்னும்: சுத்தியல், பட்டறைக்கல், கிரீடம், ஏழு விண்மீன்கள், இரு மரங்கள், மேலே எழுத்துகள். கதவைத் திறக்கும் சொல்லைத் தேடி, கேண்டால்ஃப் என்னும் பெரியவர் தமக்குத் தெரிந்த மந்திரங்களையெல்லாம் சொல்லிப் பார்க்கிறார். கதவு அசையவில்லை. கடைசியில் பார்த்தால், விடை வாயிலிலேயே எழுதப்பட்டிருக்கிறது. ‘நண்பன்’ என்ற ஒரு சொல்தான் அது! குள்ளரும் எல்ஃப் மக்களும் பகையின்றி வாழ்ந்த காலத்தில் செய்த கதவு அல்லவா? பகை புகுந்தபின் அந்த எளிய சொல் ஒருவருக்கும் நினைவுக்கு வரவில்லை.

இன்னொரு குறி இதனினும் எளியது. ஒரு மலையுச்சியில் கிடந்த தட்டைக் கல்லில் சில கீறல்கள். தாம் அக்டோபர் 3-ஆம் நாள் அங்கு வந்ததைப் பின்னால் வரும் நண்பர்களுக்குத் தெரிவிக்கக் கேண்டால்ஃப் கீறியவை அவை. வசியமோ கட்டோ அதில் ஏதுமில்லை.

இனி அந்த மோதிரம். கல் பதிக்காத வெறும் பொன் வளையம். நெருப்பிலிட்டால்தான் அதன் எழுத்துகள் தெரியும். எழுத்தின் வடிவம் எல்ஃப் மக்களுடையது, அழகானது. மொழியோ மோர்டோர் என்னும் கொடிய நாட்டினுடையது. அழகிய எழுத்தில் தீய சொல்லை எழுதலாம் என்பதை இதைவிட நன்றாக எவர் காட்ட முடியும்? பிறருடைய விருப்பத்தை அடக்கி ஆள்வதற்கென்றே அது செய்யப்பட்டது. தன் நகரைக் காக்கவென்று நல்லெண்ணத்தோடு அதை விரும்பிய போரோமிரும் தடுமாறுகிறான். கேண்டால்ஃபும் கலாத்ரியேல் அரசியும் தங்களை நம்பாமல் அதை ஏற்க மறுக்கிறார்கள். மந்திரத்தை மந்திரத்தால் வெல்வது இக்கதையில் கிடையாது. மோதிரம் அழிந்த நாள் என்று ஆசிரியர் குறிப்பது மார்ச் 25. அது மங்கள வார்த்தைத் திருநாள் என்பதை நம் மாணவியருக்குச் சொல்லத் தேவையில்லை. ஆண்டவர் சிலுவையில் உயிர்விட்ட நாளும் அதுவே என்று இடைக்கால மக்கள் கருதினர்.

(1997-இல் தொடங்கிய ஹாரி பாட்டர் கதைகளில் அச்சிறுவனின் நெற்றித் தழும்பும் நினைக்கத்தக்கது. அவன் தாய் அவனுக்காக உயிர் கொடுத்ததன் நினைவு அது. ஆனால் அந்நூல்களில் மந்திரத்தைப் பாடமாகவே படிக்கிறார்கள். ஆகவே அவற்றைப் பற்றிப் பெற்றோர் கேட்கும் கேள்விகளுக்கு இடமுண்டு.)

ஆகவே, ஒரு குறி அழைக்கிறதா, அடக்குகிறதா என்றுதான் நாம் பார்க்க வேண்டும் என்கிறோம். இதைச் சொல்லும்போது நம் பக்கமும் சற்றுத் திரும்புவோம். தேர்வு நாளன்று மட்டும் மாதா பதக்கத்தைப் பேனாவில் உரசுகிறவர்கள் நம்மிடையே இல்லையா? புத்தகத்தைத் திறக்காமல், வினாத்தாள் வந்ததும் மூன்று முறை சிலுவை அடையாளம் வரைகிறவர்கள்? மந்திரித்த பொருள்கள் தாமாக எதையும் செய்துவிடுவதில்லை. அவை நம் உள்ளத்தை இறைவன்பால் திருப்புகின்றன என்றே நம் சகோதரிகள் கற்பிக்கிறார்கள். பதக்கத்தைத் தாயத்தாக்குவது, எல்ஃப் எழுத்தைக் கதையில் படிப்பதைவிட மாந்திரீகத்துக்கு அருகில் இருக்கிறது என்று நாங்கள் அஞ்சுகிறோம்.

எனவே பெற்றோருக்கும் நூலகப் பொறுப்பேற்றிருக்கும் சகோதரிக்கும் எங்கள் வேண்டுகோள் இதுதான்: இந்நூலை அலமாரியின் மேல்தட்டிலிருந்து இறக்குங்கள். ஆயிரம் பக்கத்துக்குக் குறையாத நூலாதலால் கோடை விடுமுறையில் கொடுத்தால் நல்லது. தாய்மாரும் உடன் படித்தால், மோதிரத்தைப் பற்றி வாதாட எங்களுக்கு வீட்டிலேயே ஆள் கிடைக்கும்.