பிச்சை என்றொரு பெயர்

பெயர் என்பது வெறும் ஒலிதானா? இல்லை என்பதற்கு நம் விருதுநகர் மண்ணே சாட்சி! தாயகத்திற்குத் 'தமிழ்நாடு' என்று பெயர் சூட்டக் கோரி, 1956 ஜூலை 27-இல் இங்கே உண்ணாநோன்பு தொடங்கிய தியாகி சங்கரலிங்கனார், அக்டோபர் 13-இல் உயிர் துறந்தார். அவர் கேட்ட பெயர் 1969-இல் வந்தது. ஒரு பெயருக்காக உயிரையே கொடுத்தவரின் ஊரிலே, இன்னொரு பெயரைக் கேட்டால் சிரிப்பு எழுகிறதே, அதுதான் என் ஆதங்கம்.

அந்தப் பெயர் 'பிச்சை'. இன்று அருகிவிட்ட பெயர். என் பெயரும் அதுவே.

நண்பர்களே! இந்தப் பெயர் எப்படிப் பிறந்தது என்று எண்ணிப் பார்த்ததுண்டா? பிறந்த பிள்ளைகள் அடுத்தடுத்து இறந்துபோன வீட்டில், மறுபடியும் ஒரு பிள்ளை பிறக்கிறது. இதுவாவது தங்க வேண்டுமே என்று தாய் தவிக்கிறாள். பிள்ளையை முறத்திலே கிடத்திக் குப்பைமேட்டில் வைத்து எடுப்பார்கள். 'குப்பை', 'குப்பன்' என்று பெயரிடுவார்கள். பக்கத்து வீட்டுக்காரிக்குத் தவிட்டுக்கு விற்றுத் திரும்ப வாங்குவார்கள். மூக்குக் குத்தி 'மூக்கன்' என்பார்கள். சாமியிடம் மடியேந்திப் பெற்றதாகச் சொல்லிப் 'பிச்சை' என்பார்கள். இழிந்த பொருள் என்று எண்ணிக் காலன் கண்ணெடுத்துப் பாராமல் போய்விடுவான் என்ற நம்பிக்கை! எமனையே ஏமாற்றப் பார்த்த ஏழைத் தாயின் தந்திரம் அது.

இது தமிழர்க்கு மட்டும் உரிய வழக்கமும் அன்று. 1908 ஆகஸ்டு 11-இல் தூக்குமேடை ஏறிய வங்கத்து இளைஞர் குதிராம் போஸின் பெயரைப் பாருங்கள். 'குத்' என்றால் நொய். முன்பிறந்த ஆண்மக்கள் இறந்துபோனதால், இவரைத் தமக்கை மூன்று பிடி நொய் கொடுத்து வாங்கினாராம். நம்மூர்த் தவிடும் வங்கத்து நொய்யும் ஒரே கண்ணீரில் நனைந்தவை அல்லவா? ஒரிய மொழியின் பெரும் எழுத்தாளர் பக்கீர் மோகன் சேனாபதிக்கு இயற்பெயர் பிரஜ மோகன். நோயுற்ற பேரன் பிழைத்தால் பக்கீராக்குவதாகப் பாட்டி நேர்ந்துகொண்டதால் 'பக்கீர்' ஆனார். ஆப்பிரிக்காவில் யொரூபா மக்கள் இத்தகைய பிள்ளைக்கு 'மாலோமோ' என்று பெயரிடுவர். 'இனியும் போய்விடாதே' என்பது அதன் பொருள்.

இனி, சொல்லுக்கு வருவோம். பிச்சை வேறு, பிச்சைக்காரன் வேறு. இந்த எளிய இலக்கணம் சிரிப்பவர்களுக்குத் தெரியவில்லை. இந்தப் பெயரிலே கையேந்தியவள் தாய். பிள்ளையோ அவள் கையில் விழுந்த பொருள்! 'தேவதத்தன்' என்றால் தெய்வம் தந்தவன் என்று மகிழ்கிறோம். 'வரம்' என்றாலும் 'பிரசாதம்' என்றாலும் மதிக்கிறோம். அதே பொருளை நல்ல தமிழ்நாட்டு ஏழை வீட்டு வாயால் சொன்னால் மட்டும் இளக்காரமா?

இந்தப் பெயருக்குச் சாதியும் இல்லை, சமயமும் இல்லை. பிச்சையா, பிச்சைமுத்து, பிச்சைக்கனி என்று மும்மதத்தாரும் இதைச் சூடியிருக்கின்றனர். புதுக்கவிதைக்கு வழிகோலிய ந. பிச்சமூர்த்தியின் பெயரில் இது இருக்கிறது. மதுரையில் 1972-இல் பிறந்து, 2015-இல் கூகுள் நிறுவனத்தின் தலைமைச் செயல் அலுவலரான சுந்தர் பிச்சையின் பெயரிலும் இருக்கிறது. அமெரிக்காவிலிருந்து வந்தால் கைதட்டுகிறோம். அடுத்த பெஞ்சிலிருந்து வந்தால் நகைக்கிறோம். இது என்ன நியாயம்?

பெயரை மாற்றிக்கொள் என்று உறவினர் சிலர் எனக்கு அறிவுரை கூறுகின்றனர். அரசிதழில் ஓர் அறிவிப்பு வெளியிட்டால் போதும், பட்டச் சான்றிதழ் வருமுன் முடித்துவிடு என்கின்றனர். பெயர் மாற்றம் தவறென்று நான் சொல்லவில்லை. 1929-இல் செங்கல்பட்டு சுயமரியாதை மாநாட்டை ஒட்டிப் பலர் தம் பெயருக்குப் பின்னிருந்த சாதிப் பட்டத்தை வீசி எறிந்தனர். ஒருவனைத் தாழ்த்துவதற்கென்றே பிறர் திணித்த பெயரானால் அதைத் தூக்கி எறிவதுதான் மானம். ஆனால் என் பெயரை எந்த ஆண்டையும் திணிக்கவில்லை. எனக்கு முன் பிறந்த இருவரை இழந்த என் அம்மா, மூன்றாவதாவது நிலைக்கட்டும் என்று வைத்த பெயர் இது. தீப்பெட்டி ஆலையில் குச்சி அடுக்கிய கையால் என்னைப் படிக்க வைத்தவர் அவர். எங்கள் குடும்பத்தின் முதல் பட்டத்தில் அவர் வேண்டுதல் இடம்பெறாமல் வேறு யாருடைய விருப்பம் இடம்பெறுவது?

பேருந்து நிலையக் கடைகளிலே பெயர்ப் புத்தகங்கள் தொங்குகின்றன. எண்கணிதம் பார்த்து எழுத்தைக் கூட்டுகிறார்கள், குறைக்கிறார்கள். பட்டாசுக்கு 'அணுகுண்டு' என்று பெயர் ஒட்டிவிட்டால் போதுமா? மருந்து நமத்துப்போனால் புஸ்ஸென்று அடங்கிவிடும் என்பதைச் சிவகாசிப் பிள்ளைகளுக்கு நான் சொல்லவும் வேண்டுமோ? பெயர் குணத்தைத் தருவதில்லை. வைத்தவர் மனத்தைத்தான் காட்டுகிறது.

ஆனால் ஒன்று. என் பிள்ளைக்கு இந்தப் பெயரை நான் வைக்கமாட்டேன்! வெட்கத்தால் அன்று, தேவை இல்லாமையால். 1971-இல் இந்தியாவில் பிறந்த 1,000 குழந்தைகளில் 129 பேர் ஓராண்டு நிறையுமுன் மாண்டனர். 2020-இல் தமிழகத்தில் அந்த எண்ணிக்கை 13. தடுப்பூசியும், மருத்துவமனைப் பிரசவமும், கிராமத்துச் செவிலியரும், சத்துணவும் செய்த சாதனை இது. 'பிச்சை' என்ற பெயர் அருகிப்போனது நாகரிகத்தால் மட்டும் அன்று. தாய்மார் எமனிடம் கெஞ்ச வேண்டிய காலம் கழிந்து வருகிறது என்பதாலும்தான். அந்தப் பெயர் மறைவது நாட்டுக்கு நல்லது. அதைச் சுமப்பவனை நகைப்பதோ நன்றி கொன்ற செயல்.

கெஞ்சுதல் முற்றிலும் ஓய்ந்துவிட்டதா என்றால், நம் வட்டாரத்தில் இல்லை என்றே சொல்வேன். 2012 செப்டம்பர் 5-இல் முதலிப்பட்டிப் பட்டாசு ஆலை வெடித்தபோது 30-க்கும் மேற்பட்டோர் மாண்டனர். இன்றும் மருந்து அறைக்குப் பிள்ளையை வேலைக்கு அனுப்பும் தாய், மாலையில் அவன் வாசலில் வந்து நிற்கும்வரை கேட்பதும் அதே உயிர்ப் பிச்சைதானே?

ஆகவே மாணவ நண்பர்களே, மதிப்பிற்குரிய பேராசிரியப் பெருமக்களே! வருகைப் பதிவேட்டில் குப்பனும் மூக்கனும் பிச்சையும் வந்தால் தயங்காமல், குரல் தாழ்த்தாமல் கூப்பிடுங்கள். அப்பெயர்களுக்குப் பின்னே, பிழைக்காமல் போன அண்ணன்மாரும் அக்காமாரும் நிற்கிறார்கள். அவர்களுக்கும் சேர்த்துத்தான் நாங்கள் 'உள்ளேன் ஐயா' என்கிறோம்.