மைக்கு எல்லை வகுத்தவர் யார்?

ஜோகுபாளையத்தில் என்னுடன் தங்கியிருக்கும் ஆய்வு மாணவி, உதவித்தொகை வராத மாதமொன்றில் கண்மையாலேயே புருவம் தீட்டிக்கொண்டார். 'தவறான பயன்பாடு' என நகைத்தனர் சக ஆய்வாளர்கள். மொழியியல் பயின்றவள் என்ற முறையில் இதனை மறுக்கிறேன்.

தமிழில் 'மை' என்னும் சொல் பூசும் இடத்தை வரையறுப்பதில்லை. கைக்குழந்தையின் புருவத்தை நம் பாட்டிமார் எழுதியதும் அதே மையால்தான். மேபெலின் நிறுவனர் டி. எல். வில்லியம்ஸ் 1915இல் சிகாகோவில் விற்ற முதற்பொருளின் பெயரே 'லாஷ்-பிரோ-ஐன்': இமைமயிருக்கும் புருவத்துக்கும் பொதுவானது. இரண்டாகப் பிரித்தது பிற்காலச் சந்தை.

வேறுபாடே இல்லை என்று நான் கூறவில்லை. கண்மை மென்மையானது, வியர்வையில் கலையும். புருவப் பென்சில் இறுகியது; நிலைக்கும். இது வசதி பற்றிய செய்தியே அன்றிச் சரி, தவறு பற்றியதன்று.

அமெரிக்காவில் 1933இல் ஒரு பெண்ணின் பார்வையைப் பறித்த 'லாஷ் லூர்' சாயம், இமைக்கும் புருவத்துக்கும் என்றே விற்கப்பட்டது. உரிய இடத்தில்தான் பூசப்பட்டது; நஞ்சு சேர்மத்தில் இருந்தது. ஆகவே நண்பர்களே, எங்கே பூசினாய் என்று கேளாதீர். என்ன கலந்திருக்கிறது என்று கேளுங்கள்.