கீறிக் காட்டும் கை

கேத்திரகணிதம் கற்பிக்கும் ஆசிரியர் கரும்பலகையிலே முதலில் ஒரு கோட்டைக் கீறுவார். அதன் முனையில் ஒரு செங்குத்தை எழுப்புவார். மூன்றாம் பக்கத்தைக் கீறி இணைக்கும்போதுதான், "இதுவே செம்பக்கம்" என்பார். மாணவனின் கண் வெண்கட்டியின் பின்னே செல்லும். செவி ஆசிரியரின் சொல்லைத் தொடரும். இரண்டும் ஓரிடத்திற் கூடும்போது விளக்கம் பிறக்கின்றது.

கணனித் திரையில் வரும் பாடங்கள் பலவற்றில் இந்த நன்மை இல்லாமற் போயிற்று. முழுப் படமும் முழுச் சமன்பாடும் ஒரே கணத்தில் வந்து நிற்கின்றன. குரல் ஒன்றைச் சொல்ல, கண் வேறொன்றைத் தேடுகின்றது. வகுப்பறையிலாயின் பிள்ளை கைதூக்கிக் கேட்கலாம். வீட்டிலே தனித்திருந்து, பதிவுசெய்த பாடத்தைக் காணும் பிள்ளை யாரிடம் கேட்கும்?

இக்குறையைப் பெரிதும் நீக்கவல்லது, பேசிக்கொண்டே திரையில் எழுதிக் காட்டும் முறையாகும். 2004 ஆம் ஆண்டில் அமெரிக்காவின் பொஸ்ரன் நகரில் வாழ்ந்த சல்மான் கான் என்பவர், நியூ ஓர்லியன்ஸ் நகரிலிருந்த தம் உறவுச் சிறுமிக்குத் தொலைபேசி வாயிலாகக் கணிதம் சொல்லிக் கொடுத்தார். ஒருவர் எழுதுவதை மற்றவர் காணக்கூடிய கணனிப் பலகையும் துணைநின்றது. 2006 இல் தம் பாடங்களை யூரியூப்பில் இடத் தொடங்கினார். அவற்றில் அவர் முகம் தோன்றுவதில்லை. கரிய பின்னணியில் வண்ணக் கோடுகள் வளரும். கூடவே குரல் ஒலிக்கும். உலகறிந்த கான் அக்கடமி அவ்விதம் வளர்ந்ததே.

எட்எக்ஸ் என்னும் இணையவழிக் கல்வி நிறுவனத்தின் காணொளிகளை மாணவர் பார்த்த 69 இலட்சம் தடவைகளை ஆராய்ந்து, பிலிப் குவோவும் வேறிருவரும் 2014 இல் ஓர் ஆய்வுரை வெளியிட்டனர். முன்பே ஆயத்தஞ்செய்த படவில்லைகளிலும் பார்க்க, கையால் எழுதிக் காட்டும் பாடங்களில் மாணவர் கூடிய நேரம் நிலைத்திருந்தனர். காணொளி எத்துணை நீண்டதாயினும், பொதுவாக ஆறு நிமிடத்துக்குமேல் அவர்கள் நிலைக்கவில்லை என்பதும் தெரியவந்தது. நெடுநேரம் பார்த்தல் வேறு, விளங்கிக்கொள்ளல் வேறு என்பது மெய்யே. ஆயினும், எழுதும் கையை முந்திக்கொண்டு ஆசிரியர் ஓடமுடியாது. அந்தத் தாமதமே பிள்ளை சிந்திப்பதற்குக் கிடைக்கும் அவகாசம்.

பாடம் பதிவுசெய்ய விரும்பும் ஆசிரியர்க்கும் மேல்வகுப்பு மாணவர்க்கும் சில குறிப்புகள். விண்டோஸ் கணனியில் ஸூம்இட் என்ற இலவசச் செயலியை இயக்கி, கொன்ட்ரோல் விசையுடன் 2 ஐ அழுத்தினால், திரையில் உள்ள எதன்மேலும் கீறலாம். ஆர் என்ற விசை சிவப்பையும், ஜி பச்சையையும், பி நீலத்தையும் தரும். ஷிப்ட் விசையைப் பிடித்துக்கொண்டு இழுத்தால் நேர்கோடு வரும். ஈ கீறியவற்றை அழிக்கும். எஸ்கேப் பழைய நிலைக்கு மீட்கும். பதிவுசெய்வதற்கு ஓ.பி.எஸ். ஸ்ரூடியோவும் இலவசமாகக் கிடைக்கின்றது. ஒரு சாளரத்தை மாத்திரம் பதியாது, முழுத் திரையையும் பதிதல் வேண்டும். இன்றேல் மேலே கீறிய கோடுகள் பதிவில் வாராமற் போகும். பேனாப் பலகை இருப்பின் எழுத்துத் திருத்தமாக அமையும். இல்லாதவர் சுட்டியாற் கோடும் வட்டமும் இட்டாலே போதும்.

கருவியிலும் முக்கியமானது கட்டுப்பாடு. எதைச் சொல்கின்றீர்களோ அதை அப்பொழுதே கீறுங்கள். எல்லாவற்றையும் வட்டமிட்டால் எதுவும் தனித்துத் தோன்றாது. ஒரு கருத்து முடிந்ததும் அழித்துவிட்டு அடுத்ததற்குச் செல்லுங்கள். சிவப்பையும் பச்சையையும் வேறுபடுத்திக் காண இயலாத பிள்ளைகளும் உளர். ஆதலால் நிறத்தை மாத்திரம் நம்பாது, பக்கத்தில் ஒரு பெயரையும் எழுதிவிடுங்கள்.

பெற்றோர் கவனிக்க வேண்டியதும் ஒன்றுண்டு. பிள்ளை பாடத்தைப் பார்க்கும்போது கையிற் பென்சிலும் தாளும் இருக்கட்டும். திரையிற் கோடு எழும்போது தாளிலும் எழட்டும். விளங்காத இடத்திற் காணொளியை நிறுத்தி, அடுத்த கோடு எங்கே வருமெனத் தானே கீறிப் பார்க்கட்டும். கேட்க ஆளில்லாத பிள்ளை இவ்வாறே தன் ஐயத்தின் பெரும்பகுதியைத் தானே தீர்த்துக்கொள்ளப் பழகும்.