அலுமாரிக்கு அடியில் ஒரு பூனை



சென்ற வருடம் என் உம்மா வபாத்தான பின்னர், அவர் வளர்த்த சாம்பல் நிறப் பூனையை எங்கள் வீட்டுக்குக் கொண்டுவந்தோம். வந்ததும் அலுமாரிக்கு அடியில் புகுந்துகொண்டது. இரவில் எல்லோரும் உறங்கிய பிறகுதான் வெளியே வந்து சாப்பிடும். மூன்றாம் நாள் மகள் அதைப் பிடித்து இழுக்க, அது அவள் கையைப் பிறாண்டிவிட்டது. உடனே சவர்க்காரமிட்டு ஓடும் தண்ணீரில் 15 நிமிடம் கழுவி, ஆஸ்பத்திரிக்கும் கூட்டிப் போனேன். விசர்நோய் பூனையாலும் பரவக்கூடியது. பூனைக்குத் தடுப்பூசி போடுவதும் அவசியம்.

"சந்தைப் பக்கம் கொண்டுபோய் விட்டுவிடுவோம்" என்றார் வீட்டுக்காரர். உம்மாவின் கையால் சாப்பிட்டு வளர்ந்த ஜீவனைத் தெருவில் விட மனம் வரவில்லை. ஒரு மாதம் தவணை கேட்டேன்.

பூனை ஆட்களோடு மட்டுமல்ல, இடத்தோடும் அதன் வாசனையோடும் பழகும் பிராணி. இடம் மாறினால் மிரளும். பிறந்து 2 முதல் 7 வாரங்களுக்குள் மனிதக் கை படாத குட்டிகளும் பிற்காலத்தில் கூச்சத்துடனேயே இருக்கும். அடித்தாலோ அதட்டினாலோ அதற்குக் காரணம் விளங்காது. நம்மைக் கண்டு பயப்பட மட்டுமே கற்றுக்கொள்ளும்.

முதலில் சத்தமில்லாத ஓர் அறையை ஒதுக்கினேன். கடதாசிப் பெட்டியொன்றில் வாசல் வெட்டி, உம்மாவின் பழைய துப்பட்டியை உள்ளே விரித்தேன். ஒளிய இடம் கொடுத்தால் பயம் கூடுமென்று நினைப்போம். ஆனால் பெட்டி கிடைத்த பூனைகளே விரைவில் அமைதியடைந்தன என்று 2014இல் நெதர்லாந்தில் செய்த ஆய்வொன்று காட்டியது. சாப்பாட்டை ஒரு மூலையிலும் மணல் தட்டை எதிர் மூலையிலும் வைத்தேன்.

பிறகு, தினமும் ஒரே நேரத்தில் கால் மணி நேரம் அந்த அறையில் பக்கவாட்டாகத் தரையில் அமர்ந்து தஸ்பீஹ் ஓதுவேன். பூனையை உற்றுப் பார்க்கமாட்டேன். அது பார்த்தால் மெதுவாகக் கண்ணை மூடித் திறப்பேன். இப்படிச் செய்பவரிடம் பூனைகள் கூடுதலாக நெருங்குவதை இங்கிலாந்து ஆய்வாளர்கள் 2020இல் கண்டறிந்தார்கள். உப்பும் வெங்காயமும் சேர்க்காமல் அவித்த மீன் துண்டைத் தூரத்தில் வைத்து, நாளுக்கு நாள் ஒரு சாண் கிட்டக் கொண்டுவந்தேன். அது பின்வாங்கினால் நானும் முந்திய இடத்துக்கே போய்விடுவேன்.

கிட்ட வந்ததும் தூக்கிவிடாதீர்கள். ஒரு விரலை நீட்டுங்கள். அது மோந்து கன்னத்தை உரசினால், கன்னத்தையும் தாடையையும் மட்டும் தடவி, உடனே கையை எடுத்துவிடுங்கள். வயிற்றையும் வாலையும் தொட வேண்டாம். பிள்ளைகளுக்கும் இதைச் சொல்லிக் கொடுங்கள்.

ஒன்றை மறக்கக்கூடாது. பழகிய பூனை திடீரென ஒளிந்தால் அது நோயாகவும் இருக்கலாம். ஒரு நாள் முழுவதும் எதுவும் சாப்பிடாவிட்டால் மிருக வைத்தியரிடம் காட்டுங்கள். பரசிட்டமோல் கொடுத்துவிடாதீர்கள். பூனைக்கு அது நஞ்சு.

வுழூவுக்கு வைத்திருந்த தண்ணீரைக் குடிக்கப் பூனை வந்தபோது, அபூ கதாதா (ரழி) அவர்கள் பாத்திரத்தைச் சாய்த்துக் கொடுத்தார்கள் என ஹதீஸில் வருகிறது. பூனை அருகில் வரும்வரை அவர்கள் அசையாமல் இருந்திருப்பார்களே என்று அந்த நாட்களில் நினைத்துக்கொள்வேன்.

தவணை முடிந்த அன்றும் அது மடியில் ஏறவில்லை. இன்றுவரை ஏறியதுமில்லை. ஆனால் சுபஹு தொழுதுவிட்டு இருக்கையில், முஸல்லாவின் ஓரத்தில் வந்து படுத்துக்கொள்கிறது. சந்தைப் பேச்சை வீட்டுக்காரர் பிறகு எடுக்கவே இல்லை. மீன் வாங்கி வரும்போது, "அதுக்கும் சேர்த்துத்தான் வாங்கினேன்" என்கிறார்.